கோர்ட்டில் அங்கம்மா சொன்ன வார்த்தை

போன வாரம் அங்கம்மா வீட்டில் எல்லோரும் ஜாங்கிரி தின்றுகொண்டிருந்தபோது விட்டுவிட்டு வந்தோம். அந்த இனிப்பு நாக்கை விட்டுப் போவதற்குள் வந்து சேர்ந்த வினைதான் இந்த வாரக் கதை.

திருவொற்றியூரில் கடலுக்கும் மெயின் ரோட்டுக்கும் நடுவில் இருக்கிறது அந்த வீடு. தரைத்தளத்துக்கு மட்டும்தான் மாநகராட்சி அனுமதி. அதில் அங்கம்மாவும் பெரிய மகன் குமாரவேலும் அவன் மனைவி ரேகாவும் இருக்கிறார்கள். ரோட்டைப் பார்த்த மேற்குப் பக்கம், சட்டப்படி காலியாக விட்டிருக்க வேண்டிய இடத்தில், குமாரவேலின் ஐஸ் கடை. அனுமதியே இல்லாத மாடியில் சின்ன மகன் பிரகாஷும் அவன் மனைவி மோகனப்ரியாவும்.

பக்கத்து வீட்டு தேவப்பிரியம் ஒரு சாக்கடைத் தகராறில் சூடாகிப் புகார் மனு தட்டிவிட, கடை, மாடி இரண்டையும் இடிக்கச் சொல்லி உத்தரவு வந்தது. வக்கீல் சுஹைப் தடை கேட்டு உயர் நீதிமன்றம் போனார். "ரெண்டையும் காப்பாத்த முடியாதும்மா. ஒண்ணை நாமளே எடுத்துடறோம்னு சொன்னா, இன்னொண்ணுக்கு அப்பீல் போட்டு இழுத்துப் பிடிக்கலாம்" என்று அங்கம்மாவிடம் மட்டும் காதோடு சொல்லியிருந்தார்.

வீடு அங்கம்மா பேரில் இருப்பதால் கோர்ட்டில் போய் நின்றவள் அவள்தான். நீதிபதியே நேராகத் தமிழில் கேட்க, இவளும் பதில் சொல்லிவிட்டு வந்தாள். "வூடு பொழைச்சிக்கிச்சி" என்றாள். எது போனது என்று அவளும் சொல்லவில்லை, மற்றவர்களும் கேட்கவில்லை. நல்ல சேதி வந்தால் நாம் யாரும் நோண்டிக் கேட்பதில்லையே.

அன்றைக்கு மோகனப்ரியா மாடிக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு சந்தோஷத்தில் அழுதாள். வியாசர்பாடி ஹவுசிங் போர்டு வீட்டில், ஒரே அறையில், அப்பா அம்மா தம்பிகளுக்கு நடுவே சுவரைப் பார்த்துத் திரும்பி நின்று உடை மாற்றி வளர்ந்தவள் அவள். தாழ்ப்பாள் போட்டுக்கொள்ள ஒரு கதவு. அவள் வாழ்க்கையில் பெரிதாக ஆசைப்பட்டது அவ்வளவுதான். மாதவரத்தில் லாரி கம்பெனி ஆபீஸில் பில் போட்டுச் சம்பாதித்ததெல்லாம் அந்த மாடியில்தான் செங்கல்லாக நிற்கிறது.

இன்று காலை ஆபீஸுக்குக் கிளம்பிப் படி இறங்கியவள் அப்படியே நின்றாள். ஒருவன் மாடிச் சுவரில் சிவப்புப் பெயிண்டால் பெரிதாகப் பெருக்கல் குறி போட்டுக்கொண்டிருந்தான்.

"யோவ், இன்னா பண்றே? கைய எடு! எங்க வூடு பொழைச்சிக்கிச்சி, தெரியாதா?"

மாநகராட்சிப் பொறியாளர் மாரியப்பன் படிக்கட்டின் அடியிலிருந்து நிமிர்ந்து பார்த்தார். கெட்ட மனுஷர் இல்லை. கெட்ட சேதியை எடுத்துக்கொண்டு வீடு வீடாகப் போகிற உத்தியோகம், அவ்வளவுதான்.

"கடைக்குத்தாம்மா இப்போதைக்குத் தடை. மாடியை நாங்களே இடிச்சிடறோம்னு உங்க மாமியார் ஜட்ஜ் முன்னால ஒத்துக்கிட்டாங்க. வர்ற வெள்ளிக்கிழமையோட கெடு முடியுது. நீங்க இடிக்கலைன்னா சனிக்கிழமை எங்க ஆளுங்க வருவாங்க. சாமானெல்லாம் ஒதுக்கி வெச்சுக்குங்க."

"யாரு ஒத்துக்கினது? எங்க அத்தையா?"

"நானும் அன்னைக்குக் கோர்ட்லதான் நின்னேன். 'மேல இருக்கறத நானே இடிச்சிடறேன் சாமி'ன்னு அவங்க வாயாலதான் சொன்னாங்க. அப்படியே ஆர்டர்ல ஏறிடுச்சு."

கீழே வாசலில் துடைப்பத்தோடு நின்ற ரேகா, கேட்காதவள் மாதிரி பெருக்கிய இடத்தையே திரும்பப் பெருக்கினாள். அவள் முகத்தில் ஒரு நிம்மதி ஓடி மறைந்ததை மோகனப்ரியா பார்த்துவிட்டாள். போனது மாடிதானே, கடை இல்லையே என்கிற நிம்மதி.

மாரியப்பன் போய்விட்டார். மோகனப்ரியா ஆபீஸுக்குப் போகவில்லை. வாசலிலேயே நின்றாள். எண்ணூர் துறைமுகத்தில் கிரேன் ஓட்டும் பிரகாஷுக்குத் திரும்பத் திரும்ப போன் போட்டாள். ஷிப்ட்டில் இருக்கும்போது போன் லாக்கரில் கிடக்கும் என்று தெரிந்தும் போட்டாள்.

காசிமேட்டில் மீன் விற்று முடித்துவிட்டு ஷேர் ஆட்டோவில் வந்து இறங்கினாள் அங்கம்மா. தலையிலிருந்து அன்னக்கூடையை இறக்கக்கூட மருமகள் விடவில்லை.

"சந்தோசமா அத்த? என் வூட்ட இடிச்சிடறேன்னு ஜட்ஜாண்ட சொல்லிட்டு வந்து, என் வாய்லயே ஜாங்கிரி வெச்சிக்கீறீங்களே!"

"இன்னாடி ஒளர்றே, வந்ததும் வராததுமா?"

"நானா ஒளர்றேன்? செவுத்துல பெயிண்ட் அட்ச்சிட்டுப் போய்க்கீறாங்க, போய்ப் பாருங்க. போவ மாட்டீங்களே! கல்யாணம் ஆவி வந்த நாளா என் மாடிப்படி ஒரு தபா ஏறிக்கீறீங்களா? வியாசர்பாடிக்காரி வூட்டுத் தண்ணி எறங்காது ஒங்களுக்கு. அதான் ஒரேடியா இடிச்சித் தள்ளிடலாம்னு முடிவு பண்ட்டீங்க."

"த, வாய மூடு! நான் எங்கடி மாடின்னேன்? மேலன்னேன்!"

"மேலன்னா இன்னா அர்த்தம்?"

"மேலன்னா மேலதான்!"

அங்கம்மா கையை நீட்டிக் காட்டினாள். அந்தக் கை மாடியைக் காட்டவில்லை. நேராக ரோட்டுப் பக்கம் நீண்டு, ஐஸ் கடையைக் காட்டியது.

"மாடிய சொல்லணும்னா மாடின்னு சொல்ல மாட்டனா? எனுக்கு வாயில்லியா?"

இங்கேதான் வாசகர்களுக்கு ஒரு விஷயம் சொல்ல வேண்டும். அலைச் சத்தத்தில் பிறந்து வளர்ந்த அங்கம்மாவுக்குக் கீழ என்றால் சூரியன் கிளம்புகிற கடல் பக்கம். மேல என்றால் அது இறங்குகிற ரோட்டுப் பக்கம். மாடியை அவள் மாடி என்று மட்டும்தான் சொல்வாள். மோகனப்ரியா வந்த புதிதில், "மேல கீற வாளிய எடுத்தா" என்றதற்கு மொட்டை மாடி வரைக்கும் ஏறி வாளியைத் தேடியிருக்கிறாள். அப்போது வீடே சிரித்தது. கோர்ட்டில் சிரிக்க ஆள் இல்லை, எழுதிக்கொள்ளத்தான் ஆள் இருந்தது.

வெளியே வந்த பிறகு வக்கீலாவது கேட்டாரா? "மேல போனா போகட்டும்மா, கீழ நின்னுடுச்சே" என்றார் அவர். "அது போதும் சாமி" என்று கும்பிட்டாள் இவள். இரண்டு பேரும் திருப்தியாக வீட்டுக்குப் போனார்கள்.

மோகனப்ரியாவின் கோபம் ஒரு நிமிஷம் எங்கே போவது என்று தெரியாமல் நின்றது. மாமியார் தன் மாடியைக் கொடுக்கவில்லை. பெரிய மகன் கடையைக் கொடுத்துவிட்டு மாடியைக் காப்பாற்றியிருக்கிறாள்! மனசு இளகுவதற்குள் பின்னால் குரல் கேட்டது.

"எம்மா. இடிச்சிடறேன்னு நீ சொன்னது என் கடையவா?"

ஐஸ் உடைக்கும் கட்டையோடு குமாரவேல் கடை வாசலில் நின்றான். லாஞ்சில் வலை இழுக்கும் விஞ்சில் மாட்டி வலது கையில் மூன்று விரல் நசுங்கியவன். கயிறு பிடிக்க முடியாதவனுக்குக் கடலில் என்ன வேலை? அந்தக் கடைதான் அவன் சோறு.

அங்கம்மாவுக்கு அப்போதுதான் உறைத்தது. ஒரு மருமகளிடமிருந்து தப்பிக்க வாயை விட்டு, பெற்ற மகனிடம் போய் மாட்டிக்கொண்டாள்.

"நைனா, ஒனுக்கு வண்டி வெச்சிக்கூட ஐஸ் விக்கலாம்டா. மார்க்கெட்டாண்ட ஒரு எடம் புடிச்சி..."

"வண்டிய நீ தள்ளுவியா? இந்தக் கைய வெச்சிக்கினு நான் தள்ளுவேனா?" நசுங்கிய கையை அம்மா முகத்துக்கு நேரே நீட்டினான். "என்னாண்ட ஒரு வார்த்த கேட்டியா நீ?"

ரேகா துடைப்பத்தை வீசி எறிந்தாள்.

"கேக்க மாட்டாங்க. சின்னப் புள்ள மேல பாசம் பொங்கிடுச்சி. கடை போச்சின்னா நானும் அவரும் புழலுக்கு, எங்கம்மா வூட்டாண்ட போயிடுவோம் அத்த. நீங்க மாடிக்காரியோடவே குடுத்தனம் பண்ணுங்க. அவ கையால வாங்கித் துன்னுங்க. எறங்குதா பாக்கலாம்."

அந்தக் கடைசி வார்த்தை அங்கம்மாவுக்கும் வலித்தது, மோகனப்ரியாவுக்கும் வலித்தது. ரேகா ஒரே கல்லை இரண்டு பேர் மேலும் எறியத் தெரிந்தவள்.

மோகனப்ரியா சுஹைப்புக்குப் போன் செய்தாள். விஷயத்தைக் கேட்ட வக்கீல், "உடனே அவங்களைக் கூட்டிட்டு வாம்மா. திருத்தம் கேட்டு மனு போடலாம். ஆனா அவங்க வாயால சொல்லணும்" என்றார்.

"நானும் வரேன்" என்றான் குமாரவேல். யாரும் அழைக்கவில்லை.

ராயபுரத்தில் இருக்கும் வக்கீல் ஆபீஸுக்குப் போகிற ஆட்டோவில் அங்கம்மா நடுவில், ஆளுக்கொரு பக்கம் இவர்கள். கன்டெய்னர் லாரி வரிசையில் ஆட்டோ நின்று நின்று போனது. மீன் வாசமும் டீசல் புகையும் அடைத்துக்கொண்ட அந்த வண்டியில் யாரும் யார் முகத்தையும் பார்க்கவில்லை.

"எம்மா" என்றான் குமாரவேல். "நீ கோர்ட்ல சொன்னது மாடியத்தான். புரிஞ்சிதா?"

"மாமா, நான் இங்கதான் குந்தினு கீறேன்."

"தெரியுது. நீ கேக்கணும்னுதான் சத்தமா சொல்றேன்."

"நடந்தத மாத்திப் பேசச் சொல்றீங்களே, ஒங்களுக்கு ஞாயமா கீதா?"

"ஞாயமா? பிளான் இல்லாத மாடி கட்டினவ ஞாயம் பேசறா. அந்த மாடி இல்லன்னா தேவப்பிரியம் பெட்டிஷன் போட்டுக்கவே மாட்டான்."

"ஒங்க கடை மட்டும் கவர்மென்ட்டு கட்டிக் குடுத்துதா? எங்க மாடியாவது எங்க தலைக்கு மேல கீது. ஒங்க கடை, ரோட்ல போறவன் காலுக்குக் குறுக்க கீது."

"ஏய்!"

டிரைவர் கண்ணாடியில் பார்த்து, "சார், அடிச்சிக்கிறதா இருந்தா எறங்கி அடிச்சிக்கங்க" என்றார். அங்கம்மா கண்ணை மூடிக்கொண்டாள். வாய் மட்டும் எதையோ முணுமுணுத்துக்கொண்டே வந்தது.

சுஹைப்பின் அறை முதல் மாடியில். மின்விசிறி சுற்றுகிறதா, சுற்றலாமா என்று நினைத்துக்கொண்டிருக்கிறதா என்று சொல்ல முடியாது. அவர் மேஜைக்கு முன்னால் ஒரே ஒரு நாற்காலி. அங்கம்மா உட்கார்ந்தாள்.

மோகனப்ரியா எல்லாவற்றையும் மூச்சு விடாமல் சொன்னாள். வாளி கதையைக்கூட சொன்னாள். சுஹைப் நெற்றியைத் தடவிக்கொண்டார்.

"நான் மதுரைக்காரன்மா. எங்க ஊர்லயும் மேல வீதி உண்டு, கீழ வீதி உண்டு. கோர்ட்ல நிக்கும்போது அது ஞாபகத்துக்கு வரலையே." அங்கம்மா பக்கம் திரும்பினார். "அம்மா, நாளைக்குக் காலையில அதே ஜட்ஜ் முன்னால போறோம். நீங்க சொன்னது மேற்குப் பக்கம்னு சத்தியம் பண்ணி எழுதிக் கொடுக்கணும். கொடுத்தா மாடிக்கு வழி கிடைக்கலாம். ஆனா கடையை எடுத்தாகணும். ரெண்டுல எதுன்னு நான் சொல்ல மாட்டேன். நீங்க என்ன அர்த்தத்துல சொன்னீங்களோ, அதைச் சொல்லுங்க."

அங்கம்மா மகனைப் பார்த்தாள். குமாரவேல் நசுங்கிய கையை மேஜை மேல் எடுத்து வைத்தான். வேறு ஒன்றும் செய்யவில்லை.

மோகனப்ரியாவை அவள் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் சொல்லியிருக்க மாட்டாள் என்று நான் நினைக்கிறேன்.

"மாடிதான்" என்றாள்.

"அத்த!"

"மாடியத்தான் சொன்னேன் சாமி. இவ இன்னாத்துக்கோ பேசறா."

"காலைல வாசல்ல நின்னுக்கினு கைய நீட்டிக் காட்டினீங்களே! மாமா, நீங்க கேக்கல? ரேகாக்கா கேக்கல?"

"நான் ஐஸ் ஒடச்சிக்கினு இருந்தேன்" என்றான் குமாரவேல்.

மோகனப்ரியாவுக்கு வந்தது அழுகை இல்லை, ஆத்திரம். இத்தனை பேர் முன்னால் பட்டப்பகலில் தன் கதவைப் பிடுங்குகிறார்களே என்கிற ஆத்திரம்.

"சார், என் பேர்ல தனியா மனு போடுங்க. அந்த வூட்ல குடியிருக்கறவ நான். இடிச்சா நடுத்தெருவுக்கு வரவ நான்."

"யார் மேல?"

"இவங்க மேலதான். என் மாமியார் மேல. அதே ஜட்ஜு திரும்பவும் இவங்கள கேக்கட்டும். அவர் மூஞ்சியப் பாத்துச் சொல்லட்டும்."

சுஹைப் பேனாவை மூடினார். "நான் இவங்களுக்கு ஆஜராகற வக்கீல். இவங்களுக்கு எதிரா உனக்கு நிக்க முடியாது. வேற வக்கீலைப் பாரு. மனுவை யாரும் போடலாம். ஆனா, அவங்க மேற்கைத்தான் சொன்னாங்கன்னு உனக்கு எப்படித் தெரியும்னு முதல் கேள்வி வரும். உன் பேச்சு மட்டும் பத்தாது. இனிமே என்னை ஒண்ணும் கேக்காதம்மா."

படி இறங்கி ரோட்டுக்கு வந்தார்கள். குமாரவேல் ஆட்டோ பிடிக்க முனை வரைக்கும் போனான். மாமியாரும் மருமகளும் தனியாக நின்றார்கள்.

"கடை போனா அவன் கையேந்தணும்" என்றாள் அங்கம்மா, ரோட்டைப் பார்த்தபடி. "ஒனுக்குக் கை கால் நல்லாக் கீது. உத்தியோகம் கீது. வாடகைக்கு ஒரு வூடு பாத்துப்பே."

"வாடகை வூட்டுக்குப் போறதுக்கா நான் செங்கல் சொமந்தேன்?"

"அன்னிக்கு ஜட்ஜு முன்னாடி ஒனுக்காவத்தான்டி என் பெரிய புள்ளைய வுட்டுக் குடுத்தேன். யாரும் கேக்காம நானாத்தான் குடுத்தேன். அத மறந்துடாத."

"இன்னிக்குத் திருப்பிப் புடுங்கிக்கினீங்களே, அதயும் மறக்க மாட்டேன்."

அப்போதுதான் போன் அடித்தது. பிரகாஷ். லாரி இரைச்சலில் ஒன்றும் கேட்காததால் ஸ்பீக்கரைப் போட்டாள்.

"இன்னா பிரியா, இத்தினி மிஸ்டு கால்? அம்மாவுக்கு ஒடம்பு கிடம்பு சரியில்லியா?"

கொட்டித் தீர்த்தாள். பெயிண்ட், மேல, மாடி, எல்லாம்.

"கேக்குதா ஒனுக்கு? ஒங்கம்மா மேற்கத்தான் சொன்னாங்கன்னு நீயாவது நம்பறியா, இல்லியா?"

"நம்பறதுக்கு இன்னா கீது" என்றான் பிரகாஷ். "எனுக்குத் தெரியும்."

"இன்னா தெரியும்?"

அங்கம்மா திடுக்கிட்டுத் திரும்பினாள். போனைப் பிடுங்க வேகமாகக் கை நீட்டினாள். மோகனப்ரியா தோளால் அவளைத் தடுத்துப் போனை உயர்த்திப் பிடித்துக்கொண்டாள். மாமியாரின் கண் தன்னைத் தாண்டி எங்கேயோ போவதை அவள் கவனிக்கவில்லை.

"கோர்ட்டுக்குக் கெளம்பறப்போ அம்மா என்னாண்ட சொல்லிட்டுத்தான் போச்சி. மேல அண்ணன் கடைய குடுத்துட்டு ஒன் மாடிய காப்பாத்திடறேன்டான்னு. அண்ணனாண்ட மூச்சு வுடாத, இடிக்க வர்றப்போ தெரிஞ்சிக்கட்டும்னு நாந்தான் சொன்னேன்."

சாட்சி! மோகனப்ரியாவுக்கு நெஞ்சில் பால் வார்த்த மாதிரி இருந்தது. அம்மா சொன்னதைக் காதால் கேட்டவன் ஒருத்தன் இருக்கிறான். அவனும் அவள் புருஷன்.

"நாளைக்குக் காலைல கோர்ட்ல வந்து இத்த அப்பிடியே சொல்லுவியா?"

பதில் வருவதற்குள், பின்னாலிருந்து ஒரு கை அவள் தோளுக்கு மேலாக வந்து போனைத் தன் பக்கம் சாய்த்தது. மூன்று விரல் நசுங்கிய கை. ஆட்டோ வந்து நின்றிருந்ததைக்கூட அவள் பார்க்கவில்லை.

"தம்பி" என்றான் குமாரவேல். குரல் உயரவே இல்லை.

ஆட்டோக்காரர் ஹாரன் அடித்ததை அவன் சட்டை செய்யவில்லை.

"ஷிப்ட்டு முடிஞ்சி நேரா வூட்டுக்கு வா. என்னாண்ட சொல்லாம மறச்சத, ஜட்ஜாண்ட எப்பிடிச் சொல்றேன்னு பாக்கறேன்."

அவன் அம்மாவை ஆட்டோவில் ஏற்றி, தானும் ஏறி உட்கார்ந்து, "போப்பா" என்றான். போனில் லைன் கட்டாகியிருந்தது. மோகனப்ரியா திரும்பப் போட்டாள். பிரகாஷ் எடுக்கவில்லை.